சாம்பாருக்குள் ஒரு கணக்கு வார்த்தை

"கொலை முயற்சி" என்றார் வந்தவர்.

"ஆயுதம்?"

"சாம்பார்."

நான் சிரித்துவிட்டேன். சுசீலாபாய் மேடம் மேஜைக்கு அடியில் என் காலை மிதித்தார். மேடம் போடுவது மார்த்தாண்டம் சந்தையில் வாங்கிய டயர் செருப்பு. சிரிப்பு அந்த இடத்திலேயே நின்றுவிட்டது.

சாலைக் கடைத்தெருவில், ஒரு பாத்திரக் கடைக்கு மேலே இருக்கிறது எங்கள் துப்பறியும் நிலையம். கீழே அண்டா உருண்டால் மேலே கட்சிக்காரர் துள்ளுவார். மேடம் முன்பு இன்ஷூரன்ஸ் கம்பெனியில் பொய்க் கிளெய்ம் பிடித்துக்கொண்டிருந்தவர். நான் மைதீன், தக்கலைக்காரன், அவருடைய உதவியாளன். உதவி என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. மேடம் ஸ்கூட்டர் ஓட்டும்போது பின்னால் உட்கார்ந்து உயிரைக் கையில் பிடித்துக்கொள்ள வேண்டும்.

வந்தவர் பெயர் சேஷன். ஸ்ரீவராகத்தில் சொந்த வீடு. அரசாங்க ஆபீஸில் ஸ்டெனோவாக இருந்து ஓய்வு பெற்றவர். சட்டைப் பையில் இன்னமும் சீவிய பென்சில் ஒன்று இருந்தது.

"என் பையன் ஹரிநாராயணனுக்குக் கல்யாணம் நிச்சயமாயிருக்கு" என்று ஆரம்பித்தார். "பொண்ணு விஷ்ணுப்ரியா, தஞ்சாவூர்க்காரா. ரெண்டு பேருக்கும் கழக்கூட்டத்துல ஒரே கம்பெனியாக்கும். நேத்திக்கு ஆத்துல சாஸ்தா ப்ரீதி. பொண்ணாத்துக்காரா எல்லாரும் வந்திருந்தா. பூஜை ஆச்சு, நைவேத்யம் ஆச்சு, இலை போட்டாச்சு. சாம்பாரை வாயில வச்சவா ஒருத்தராவது விழுங்கணுமே! சங்குமுகம் கடலைக் காய்ச்சி ஊத்தினாப்பல உப்பு."

"அதுக்குக் கொலை முயற்சின்னு ஏன் சொல்லுதீங்க?"

"நான் சொல்லலை. பொண்ணோட தாய்மாமா உமாசங்கர் சொல்றார். பிரஷர் இருக்கறவர். ஒரு வாய் வச்சார், துள்ளி எழுந்துட்டார். 'உப்பு எனக்கு விஷம்னு தெரிஞ்சே போட்டிருக்கேள்'னு ஒரே கூச்சல். இன்னிக்கு சாயங்காலம் அவாளுக்கு ரயில். அதுக்குள்ள பண்ணினது யாருன்னு சொல்லலைன்னா கல்யாணம் கிடையாது, பொண்ணையும் கையோட கூட்டிண்டு போயிடுவேங்கறார்."

சேஷன் பென்சிலைப் பையிலிருந்து எடுத்து மறுபடி செருகிக்கொண்டார். "ஹரிக்கு வயசு ஏறிண்டே போறது. எத்தனை ஜாதகம் பார்த்தேன், எத்தனை பேர் வந்து காபி குடிச்சுட்டுப் போனா! இதுதான் அமைஞ்சுது. அதுகள் ரெண்டும் ஒண்ணுமேல ஒண்ணு உசிரா இருக்கு. இது நின்னு போச்சுன்னா அவன் மூஞ்சியில நான் எப்படி முழிப்பேன்?"

மேடம் மூக்குக் கண்ணாடியைக் கழற்றிச் சேலைத் தலைப்பில் துடைத்தார். "உங்களுக்கு யாரு மேல சந்தேகம்?"

சேஷன் சுற்றிலும் பார்த்துக் குரலைத் தாழ்த்தினார். "பொண்ணு மேலேயேதான். அவ ஒரு வார்த்தை சொன்னா. ஐடெம்போட்டன்ட்."

அவ்வளவு பெரிய வார்த்தை அவர் நாக்கில் ஒரு இடத்திலும் தடுக்கவில்லை. எனக்கு நாலு தடவை ஒத்திகை பார்த்தும் வரவில்லை.

"வசவா?" என்று கேட்டேன்.

"அகராதி பார்த்தேன். கணக்கு வார்த்தையாம். தன்னைத் தன்னாலேயே பெருக்கினாலும் மாறாததுன்னு போட்டிருக்கு. கேட்டேளா? பெருக்கினாலும் பெருகாதாம்! ஆத்துக்குள்ள வரதுக்கு முன்னாடியே என் வம்சம் விருத்தியாகாதுன்னு சாபம் குடுத்துட்டா!"

"நல்ல சாபம்தான் சார்" என்றேன். "நாசமாப் போன்னு சொன்னா மூணு எழுத்து மிச்சம்."

டயர் செருப்பு மறுபடியும் இறங்கியது.

"அந்த வார்த்தைய எப்ப சொன்னா? எங்க வச்சு சொன்னா?" மேடம் கேட்டார்.

"அதெல்லாம் என்னத்துக்கு? வீடு பூரா ஜனம். எங்கேயோ நின்னுண்டு சொன்னா." சேஷன் மின்விசிறியைப் பார்த்தார். "வார்த்தைக்கு அர்த்தம் கண்டுபிடிச்சுக் குடுங்கோ, அது போதும்."

அவர் போனதும் மேடம் ஹெல்மெட்டை எடுத்தார். "எடே மைதீனு, அர்த்தம் அகராதியில கெடக்கும். ஒரு வார்த்தைய யாரு, யாருகிட்ட, எப்ப சொல்லுதாங்கது அகராதியில கெடக்காது. வா, போவோம்."

ஸ்ரீவராகத்தில் சேஷன் வீட்டு அடுக்களைக்குள் எங்களை விடவில்லை. இன்றைக்கும் மடியாம். மடி என்றால் குளித்து, தனியாகக் காயப்போட்ட துணியை உடுத்தி, யார் மேலும் படாமல் சமைப்பது. நாங்கள் வாசல்படிக்கு இந்தப் பக்கம் நின்றோம். அந்தப் பக்கம் சமையல்கார கௌசல்யா மாமியும் சேஷனின் மனைவி சாவித்ரி மாமியும் நின்றார்கள். இருவரும் பேசிக்கொள்வதில்லை என்பது இருவரும் வேறு வேறு சுவரைப் பார்த்ததிலேயே தெரிந்தது.

"உப்பை அதிகமாப் போட்டது யாரு?" என்று மேடம் நேரடியாகக் கேட்டார்.

"நான் இல்லை" என்றாள் கௌசல்யா மாமி. "என் கை அளவு தப்பவே தப்பாது. இந்தத் தெருவுல யாரை வேணும்னாலும் கேட்டுக்கோங்கோ. இந்த வீட்டுப் பெரியவர் நேத்திலேருந்து என்னைத் திருடியைப் பார்க்கறாப்பல பார்க்கறார். இனிமே என்னை யார் விசேஷத்துக்குக் கூப்பிடுவா?"

"நானும் இல்லை" என்றாள் சாவித்ரி மாமி. "என் பிள்ளை கல்யாணத்தை நானே கெடுப்பேனா? அதிகமா எதுக்குப் போடப்போறேன்?"

"செரி, இறக்கும்போது நாக்குல ஒரு சொட்டு விட்டுப் பாத்திருந்தா தெரிஞ்சிருக்குமே?"

அதுவரை எதிரும் புதிருமாக நின்ற இரண்டு மாமிகளும் ஒரே கட்சியாகிவிட்டார்கள். "நைவேத்யத்துக்கு முன்னாடி ருசி பார்க்கறதாவது! சிவ சிவா! மோந்துகூடப் பார்க்கப்படாது."

"அப்ப உப்பு போட்டாச்சா இல்லியான்னு எப்படித் தெரியும்?"

"போட்டவாளுக்குத் தெரியும்" என்றாள் கௌசல்யா மாமி.

"உங்ககிட்ட கேட்டா சொல்லுவீங்களா?"

சாவித்ரி மாமி குறுக்கே விழுந்தாள். "அவளா? நைவேத்யம் பண்றச்சே வாயைத் திறக்கவே மாட்டா. எச்சில் தெறிச்சுடுமாம். வீடு பத்திண்டு எரிஞ்சாலும் 'உம்'னுகூடச் சொல்ல மாட்டா. நேத்திக்கும் அப்படித்தான் ஊமையா நின்னா."

எனக்கு மலைப்பாக இருந்தது. எங்கள் வீட்டில் உம்மா மீன் குழம்பு வைத்தால் அடுத்த தெருவரை சத்தம் கேட்கும்.

"அந்தப் பொண்ணு என்னமோ வார்த்தை சொன்னாளாமே. நீங்க கேட்டீங்களா?"

"நான் கேக்கலை. இவர்தான் சொன்னார். ஐடமோ என்னமோ" என்றாள் சாவித்ரி மாமி.

"எனக்கும் இந்த வீட்டுப் பெரியவர் சொல்லித்தான் தெரியும்" என்றாள் கௌசல்யா மாமி.

மேடம் கண்ணாடியை மறுபடியும் துடைத்தார். ஏற்கெனவே துடைத்த கண்ணாடி.

கொல்லைப்புறத்தில் ஓமனா சேச்சி பாத்திரம் விளக்கிக்கொண்டிருந்தாள். நேற்று எச்சில் இலை எடுத்ததும் அவள்தான். மேடம் அவள் பக்கத்தில் போய்க் குத்தவைத்து உட்கார்ந்துகொண்டு, உலகத்தில் வேறு கேள்வியே இல்லாதது போல, இலைகளைப் பற்றிக் கேட்டார்.

"எந்து பறயானா சேச்சி! எல்லா இலையிலும் சோறும் சாம்பாரும் அங்ஙனே கிடக்குந்து. இலைத் தும்பத்து வச்ச உப்பு போலும் ஆரும் தொட்டில்லா" என்றாள் ஓமனா. "ஆ தஞ்சாவூர் சாறின்டெ இலையில் மாத்ரம் உப்பில்லா. கழுகி வச்ச போலே."

தஞ்சாவூர் சாரின் இலையில் மட்டும் ஓரத்து உப்பு காணோமாம். எனக்கு அதில் ஒன்றும் தெரியவில்லை. விருந்தில் இலை ஓரத்தில் உப்பு வைப்பார்கள், சிலர் தொடுவார்கள், சிலர் தொடமாட்டார்கள். இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்தால் சாயங்கால ரயில் போய்விடும் என்றேன். மேடம் என்னை ஒரு பார்வை பார்த்தார். நான் ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டேன்.

கழக்கூட்டம் பைபாஸில் மேடம் இரண்டு கன்டெய்னர் லாரிகளுக்கு நடுவே புகுந்து போனதை நான் பார்க்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டிருந்தேன்.

விஷ்ணுப்ரியா கம்பெனிக் கட்டடத்தின் கீழ்த்தளத்தில் எங்களுக்காகக் காத்திருந்தாள். மெலிந்த பெண். கண் இரண்டும் வீங்கியிருந்தன. மேலே கேன்டீனில் பேசலாம் என்றாள். நான் லிஃப்ட் பட்டனை அமுக்கினேன். லிஃப்ட் வரவில்லை. மறுபடி அமுக்கினேன். அப்புறம் ஒரு கோபத்தில் தொடர்ந்து குத்தினேன்.

"ஒரு தடவை அமுக்கினா போதும் சார்" என்றாள் அவள். "நீங்க நூறு தடவை அமுக்கினாலும் ஒரே லிஃப்ட்தான் வரும். சீக்கிரமும் வராது." கொஞ்சம் நிறுத்தி, "நீங்க கேக்க வந்த வார்த்தைக்கு அதுதான் அர்த்தம்" என்றாள்.

"லிஃப்டா?"

"ஐடெம்போட்டன்ட். ஒரு காரியத்தை எத்தனை தடவை திரும்பப் பண்ணினாலும் முதல் தடவை பண்ணினதுக்கு மேல ஒண்ணும் ஆகாது. கணக்குல ஒண்ணு அப்படிப்பட்ட எண். ஒண்ணை ஒண்ணால எத்தனை தடவை பெருக்கினாலும் ஒண்ணுதான். அகராதியில அதைத்தான் போட்டிருக்கும்."

"மொட்டை அடிக்கிறது?" என்று கேட்டேன்.

"கரெக்ட். மொட்டைத் தலையை இன்னொரு தடவை மொட்டை அடிச்சாலும் மொட்டைதான்."

எனக்குப் பெருமை தாங்கவில்லை. பத்தாம் வகுப்புக் கணக்கில் மூன்று தடவை தோற்றவன் நான். இப்போது யோசித்தால் அதுவும் ஐடெம்போட்டன்ட்தான்.

"உங்க வேலையில இதுக்கு என்ன உபயோகம்?" மேடம் கேட்டார்.

"போன்ல ரயில் டிக்கெட் எடுக்கறேள். பட்டனை அமுக்கினதும் நெட் நின்னுடறது. டிக்கெட் ஆச்சா இல்லையான்னு எட்டிப் பார்க்க வழியில்லை, அந்தப் பக்கத்துலேருந்து பதிலும் இல்லை. என்ன பண்ணுவேள்? மறுபடி அமுக்குவேள். எத்தனை தடவை அமுக்கினாலும் ஒரே டிக்கெட்தான் வரணும். அந்த மாதிரி எழுதறதுதான் என் வேலை. நாள் பூரா இந்த வார்த்தையைத்தான் சொல்லிண்டிருப்பேன். வாயில தானா வந்துடும்."

"நேத்து யாருகிட்ட சொன்னே மக்கா?"

அவள் தலை குனிந்தாள். "ஒரே ஒரு தடவைதான் சொன்னேன். ஒரே ஒருத்தர்கிட்டதான் சொன்னேன். பக்கத்துல வேற யாரும் இல்லை. அது யாருன்னு சொல்ல மாட்டேன் மேடம்."

"கல்யாணம் நின்னு போகும் பாத்துக்க."

"தெரியும்." பொலபொலவென்று அழுதுவிட்டாள். "ஹரி இல்லாம என்னால இருக்க முடியாது. ஆனா நான் பேரைச் சொன்னா அவாளால அந்தாத்துல தலை நிமிர்ந்து சாப்பிட முடியாது. முதல் காரியமா ஒருத்தரைக் காட்டிக் குடுத்துட்டு அந்தாத்துக்குள்ள நான் எந்தக் காலை எடுத்து வைப்பேன்?"

லிஃப்ட் அப்போதுதான் வந்தது. யாரும் ஏறவில்லை.

எனக்கு மனசு கஷ்டமாக இருந்தது. மனசு கஷ்டமாக இருந்தால் எனக்குப் பசிக்கும். பைபாஸ் ஓரத்துக் கடையில் மேடத்தை நிறுத்தச் சொன்னேன். மாஸ்டர் கல்லுக்கு முன்னால் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். கொத்துப் பொரோட்டா அடிக்கிற சத்தத்தில் காது கிழிந்தது.

"ரெண்டு பொரோட்டா!" என்றேன். மாஸ்டர் திரும்பவில்லை.

"ரெண்டு பொரோட்டா!" என்று இன்னும் உரக்கச் சொன்னேன். தலைகூட அசையவில்லை. இந்த ஊரில் சாப்பிடுகிறவனுக்கு ஒரு மரியாதையே இல்லை. எழுந்து நின்று மூன்றாவது தடவையும் கத்தினேன்.

ஆறு பொரோட்டா வந்தது.

"என்ன அண்ணாச்சி இது? ரெண்டுதானே கேட்டேன்?"

"மூணு மட்டம் கேட்டியளே அண்ணாச்சி" என்றார் மாஸ்டர். நம்ம தூத்துக்குடிப் பக்கம். "முதல் மட்டமே காதுல விழுந்துட்டு. கை வேலையா இருந்தேன், பதில் சொல்லல."

"பதில் சொல்லலைன்னா கேக்கலைன்னுதானே நெனைப்பான் மனுசன்!"

மேடத்தின் கையில் இருந்த டீ கிளாஸ் பாதி வழியில் நின்றது. என்னைப் பார்த்தார். பொரோட்டாவைப் பார்த்தார். பிறகு கடை மொத்தமும் திரும்பிப் பார்க்கும்படி கத்தினார்.

"எடே! பொரோட்டா ஐடெம்போட்டன்ட் இல்லடே!"

"மெதுவா மேடம். மாஸ்டர் கையில கரண்டி இருக்கு."

"நாம தப்பாக் கேட்டுக்கிட்டு இருந்திருக்கோம்டே. எல்லாரும் உண்மையத்தான் சொல்லியிருக்காவ. பார்சல் கட்டு. அந்தத் தாய்மாமன ரயிலுக்கு முன்னால பிடிக்கணும். பொண்ணையும் கையோட கூட்டிட்டு வரச்சொல்லு."

ஸ்ரீவராகம் வீட்டுக் கூடத்தில் எல்லாரும் கூடினார்கள். உமாசங்கர் ஸ்டேஷனுக்குப் போகிற கோலத்தில், பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு நாற்காலியின் நுனியில் உட்கார்ந்திருந்தார். பெரிய மீசை, பெரிய வயிறு. அவருக்குப் பின்னால் அவருடைய தங்கை, அதாவது விஷ்ணுப்ரியாவின் அம்மா. விஷ்ணுப்ரியா தூணோரம் நின்றாள். ஹரிநாராயணன் எதிர்த் தூணோரம் நின்று அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். நல்ல பையன், முகம் மட்டும் பரீட்சை ரிசல்ட் பார்க்கப் போகிறவன் முகம். என் பொரோட்டாப் பார்சல் ஸ்கூட்டரில் தொங்கிக்கொண்டிருந்தது.

"கொலைகாரன் யாரு? சீக்கிரம் சொல்லுங்கோ, ரயிலுக்கு நாழியாறது" என்றார் உமாசங்கர்.

"ஒரே ஒரு கேள்விதான்" என்றார் மேடம். "இதுவரைக்கும் எல்லாருகிட்டயும் 'உப்பை அதிகமாப் போட்டது யாரு'ன்னுதான் கேட்டோம். யாரும் அதிகமாப் போடல. இப்ப வேற மாதிரி கேக்கேன். உப்பை அளவாப் போட்டது யாரு?"

கௌசல்யா மாமி நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு கையைத் தூக்கினாள். "நான்தான். அளவா."

சாவித்ரி மாமியின் கையும் மெதுவாக எழுந்தது. "இவ போட்டாளா இல்லையான்னு தெரியலை. கேட்டா பதில் இல்லை. ருசி பார்க்கவும் வழியில்லை. சம்பந்திகள் வந்திருக்கறச்சே உப்பில்லாம போயிடுத்துன்னா? அதான் ஒரு கை... அளவாத்தான்."

உமாசங்கரின் நாற்காலிக்குப் பின்னாலிருந்து மூன்றாவது கை எழுந்தது.

"நீயா?" என்று உமாசங்கர் திரும்பினார்.

"நானும் மடியாத்தான் இருந்தேன் அண்ணா" என்றாள் விஷ்ணுப்ரியாவின் அம்மா. "கூடமாட ஒத்தாசை பண்ணலாமேன்னு போனேன். அந்த மாமி ஒண்ணும் பேசலை. புது இடத்துல இரைஞ்சு கேக்கக் கூச்சமா இருந்துது. குறைஞ்சு போயிடக் கூடாதேன்னு அளவா ஒரு கை போட்டேன்."

"பாத்தீங்களா?" என்றார் மேடம். "எட்டிப் பாக்க வழியில்ல, அந்தப் பக்கத்துலேருந்து பதிலும் இல்ல. அதனால ஆளாளுக்கு ஒரு மட்டம் அமுக்கியிருக்காவ. லிஃப்ட்டா இருந்தா ஒண்ணுதான் வந்திருக்கும். இது உப்பு. ஒவ்வொரு கைக்கும் ஏறும். சாபமும் இல்ல, சதியும் இல்ல. ஐடெம்போட்டன்ட் இல்லாத காரியத்த மூணு பேரு அன்பாச் செஞ்சிருக்காவ."

"மூணு பேரா?" என்று கேட்டேன். "அந்தப் பொண்ணு ஒருத்தர்கிட்ட சொன்னேன்னு சொல்லிச்சே. அது இந்த மூணு பேருல யாரு?"

"நல்ல கேள்விடே. எப்பவாவது கேப்ப" என்றார் மேடம். "அந்த வார்த்தைய இங்க யாராவது பொண்ணு வாயால கேட்டீங்களா?"

யாரும் கேட்கவில்லை. சாவித்ரி மாமிக்குச் சேஷன் சொன்னார். கௌசல்யா மாமிக்கு அவர் சொன்னார். ஹரிக்கும் அவர்தான் சொன்னாராம்.

"பொண்ணு ஒரே ஒருத்தர்கிட்ட, வேற ஆளில்லாத எடத்துல சொன்ன வார்த்தை. அது எப்படி இந்த வீடு பூரா பரவுச்சு? கேட்ட ஒரே ஆளு பரப்புனாத்தானே உண்டு? அதுவும் ஒரு எழுத்து பிசகாம. ஸ்டெனோவா இருந்தவருக்கு மட்டும்தான் அது முடியும்." மேடம் குரலைத் தாழ்த்தினார். "உப்புப் பரணியில கை விட்டுக்கிட்டு நின்னப்பதான அவ வந்தா, சேஷன் சார்?"

சேஷன் எழுந்து நின்றார். உட்கார்ந்தார். மறுபடி எழுந்தார்.

"சட்டையோட போனேன்" என்றார். "மடியில்லாம, குளிக்காம, வெளியில போயிட்டு வந்த சட்டையோட. கௌசல்யா கிணத்தடிக்குப் போயிருந்தா. சாம்பார் கொதிச்சிண்டிருந்தது. என்னால கூடத்துல உட்கார முடியலை. இதுவும் தட்டிப் போயிடுமோன்னு ஒரே பயம். ஒண்ணும் குறையக் கூடாதேன்னு ஒரு கை போட்டேன். இவ அந்த நிமிஷம் வந்து நின்னுண்டு 'ஐயோ மாமா, இது ஐடெம்போட்டன்ட் இல்லை'ன்னா. எனக்கு என்ன தெரியும்? மடி கெட்டதுக்குத் திட்டறாளாக்கும்னு பயந்துட்டேன். அப்புறம் உப்பு கூடிப்போனதும், எனக்கப்புறம் யாரோ போட்டிருக்கணும், இவளா இருக்குமோன்னு..." மேல்துண்டால் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார்.

விஷ்ணுப்ரியா ஓடிவந்தாள். "அழாதீங்கோ மாமா. நான் சொல்லவே இல்லை."

"நீ சொல்லலைம்மா. அதுதான் என்னைக் கொல்றது."

சாவித்ரி மாமி வாயில் கையை வைத்துக்கொண்டு நின்றாள். "சட்டையோடயா?" என்று இரண்டு தடவை கேட்டாள். மூன்றாவது தடவை கேட்கவில்லை, பக்கத்தில் போய் அவர் தோளைத் தொட்டாள்.

உமாசங்கர் பெட்டியோடு எழுந்தார். "போதும்! மாமனாரே போட்டிருக்கார். நைவேத்யத்துல மடியும் போச்சு, மரியாதையும் போச்சு. நாளைக்கு என் தங்கை பொண்ணுக்கு இங்கே எந்தப் பாதுகாப்பும் கிடையாது. கிளம்புங்கோ எல்லாரும்!"

ஹரியின் முகம் வெளுத்துப்போயிற்று. சேஷன் கையெடுத்துக் கும்பிடப் போனார். எனக்கு வந்த ஆத்திரத்தில் அந்தப் பெட்டியைப் பிடுங்கித் தெருவில் எறிந்திருப்பேன். மேடம் என் சட்டையைப் பிடித்து இழுத்தார்.

"இருங்க சார். அஞ்சாவது ஆளு பாக்கி இருக்கே."

"அஞ்சாவதா?"

"சாம்பாரை எல்லாரும்தான் சாப்பிட்டாவ. எல்லாரும் முகத்தச் சுளிச்சாவ. நீங்க ஒருத்தர் மட்டும்தான் துள்ளி எழுந்தீங்க. அது ஏன்?" மேடம் கொல்லைப் பக்கம் திரும்பி, "ஓமனா சேச்சி!" என்று கூப்பிட்டார். "நேத்து எந்த இலையில உப்பு இல்ல?"

ஓமனா கையைத் துடைத்துக்கொண்டே வந்தாள். கூச்சமில்லாமல் உமாசங்கரைக் காட்டினாள். "ஈ சாறின்டெ."

"பிரஷர்காரர். உப்பு விஷம். ஆனா இலை ஓரத்துல வச்ச உப்பு மொத்தமும் காணல. வாயில வைக்கதுக்கு முன்னாலயே, தங்கச்சி அந்தப் பக்கம் திரும்பின நேரத்துல, எடுத்துப் பெசஞ்சிருக்கீங்க. செரிதானே? நாலு கை உப்பு எல்லாருக்கும். உங்களுக்கு மட்டும் அஞ்சாவது கை. அது உங்க சொந்தக் கை."

உமாசங்கரின் மீசை ஆடியது. "வந்து... சம்பந்தியாத்துச் சாம்பார்... சப்புன்னு இருக்கப்போறதேன்னு..."

"அண்ணா!" என்று விஷ்ணுப்ரியாவின் அம்மா போட்ட சத்தத்தில் கூடமே அதிர்ந்தது. "டாக்டர் என்ன சொன்னார்? மன்னி போன்ல தினமும் அழறா! தினமும் இதைத்தான் பண்றேளா?"

உமாசங்கர் பெட்டியைக் கீழே வைத்தார். நாற்காலியில் உட்கார்ந்தார். இந்தத் தடவை நுனியில் இல்லை, நன்றாகச் சாய்ந்து. பெரிய மனுஷ தோரணையை எங்கிருந்தோ பொறுக்கி எடுத்துக்கொண்டு, "விஷ்ணு" என்று கூப்பிட்டார். "கடைசியா உன்னைக் கேக்கறேன். நன்னா யோசிச்சுச் சொல்லு. உனக்கு இந்த ஆத்துல சம்மதமா?"

"தஞ்சாவூர்லயே சொல்லியாச்சே மாமா" என்றாள் அவள். எதிர்த் தூணைப் பார்த்துச் சிரித்தாள். "எத்தனை தடவை கேட்டாலும் அதேதான். கூடவும் கூடாது, குறையவும் குறையாது."

லிஃப்ட், மொட்டை, ஒன்று பெருக்கல் ஒன்று எல்லாம் கேட்டேன். அந்த வார்த்தை எனக்கு முழுசாகப் புரிந்தது அப்போதுதான். கண்ணில் தூசி விழுந்த மாதிரி மேலே பார்த்துக்கொண்டேன்.

ரயிலை விட்டாயிற்று. எல்லாரும் சாப்பிட்டுவிட்டுத்தான் போக வேண்டும் என்று சாவித்ரி மாமி ஒற்றைக்காலில் நின்றாள். கௌசல்யா மாமி மறுபடி குளித்துவிட்டு வந்து வாயை மூடிக்கொண்டு சமைத்தாள். கூடத்தில் வரிசையாக இலை போட்டார்கள். ஒருபக்கம் சேஷன், நடுவில் மேடம், பக்கத்தில் நான், எதிரே உமாசங்கர், அவரைக் காவல் காக்கிற மாதிரி அவர் தங்கை. சாதம் விழுந்தது. சாம்பார் விழுந்தது. மணம் தூக்கியது.

முதல் வாய் வைத்தேன்.

உப்பே இல்லை. ஒரு கல் இல்லை.

இந்தப் பக்கம் பார்த்தேன். சாவித்ரி மாமி கௌசல்யா மாமியைப் பார்த்தாள். கௌசல்யா மாமி சாவித்ரி மாமியைப் பார்த்தாள். விஷ்ணுப்ரியாவின் அம்மா இரண்டு பேரையும் பார்த்தாள். யாரோ போட்டிருப்பார்கள் என்று எல்லாரும் இன்றைக்கு ஒதுங்கி நின்றிருக்கிறார்கள். நான் வாயைத் திறந்தேன். டயர் செருப்பு வாசலில் கிடந்தது, அதனால் மேடம் வெறுங்காலால் மிதித்தார்.

உமாசங்கரின் விரல் இலை ஓரத்து உப்பை நோக்கி ஊர்ந்தது. தங்கை திரும்பிப் பார்த்தாள். விரல் அப்படியே திரும்பி வந்தது. அவர் ஒரு கவளம் விழுங்கினார். இன்னொரு கவளம் விழுங்கினார். பிறகு சேஷனை நேருக்கு நேர் பார்த்தார்.

"சம்பந்தி" என்றார். "சாம்பார் அமிர்தமா இருக்கு. அளவான உப்பு."

சேஷன் அன்றைக்கு முதல்முறையாகச் சிரித்தார். "இன்னும் கொஞ்சம் விடச் சொல்லட்டுமா?"

"விடச் சொல்லுங்கோ" என்றார் உமாசங்கர்.

அவர் மூன்று தடவை வாங்கிச் சாப்பிட்டார். நான் ஸ்கூட்டரில் தொங்கிய ஆறு பொரோட்டாவை நினைத்துக்கொண்டே இலையை மடித்தேன்.